மைனஸ் யாருக்கு

1

குடியாத்தத்தில் காலையில் ரயில் ஏறினால் மத்தியானச் சாப்பாட்டுக்குள் பெங்களூர் வந்துவிடலாம். கடல் தாண்ட வேண்டாம். பாஸ்போர்ட்டில் யாரும் முத்திரை குத்த மாட்டார்கள். இதைப் போய் அயல்தேசம் என்று எழுத உட்கார்ந்திருக்கிறாளே என்று நீங்கள் சிரிப்பது இங்கே கேட்கிறது. சிரியுங்கள். கனடாவில் இருப்பவர்களுக்கு எழுதப் பனி இருக்கிறது. எனக்குப் பனி இல்லை. எனக்கு இருப்பதெல்லாம் ஒரே ஒரு எழுத்து. ழ.

தொண்ணூற்றொன்றில் கல்யாணமாகி ஜீவனஹள்ளிக்கு வந்தேன். இந்த நவம்பரோடு பதினாலு வருஷம். வந்து வீட்டுச் சாமானைக்கூட முழுசாய்ப் பிரிக்கவில்லை, வருஷக் கடைசியில் காவிரிக்காக ஊர் பற்றிக்கொண்டது. முன்வாசல் விளக்கைப் போடாமல் உட்கார்ந்திருந்தோம். எதிர்வீட்டு சாவித்ரம்மா கன்னடக்காரர். பின்பக்கமாக வந்து பால் கொடுத்துவிட்டு, கூடவே ஒரு வாக்கியமும் கொடுத்தார்.

"தெருவில் யாராவது கேட்டால் இதைச் சொல்லு. நனகெ தமிளு பரல்ல."

எனக்குத் தமிழ் வராது. நான் கற்றுக்கொண்ட முதல் கன்னட வாக்கியம் அதுதான். வணக்கம் இல்லை, தண்ணீர் கொடுங்கள் இல்லை. தமிழ் வராது. கண்ணாடி முன்னால் நின்று பாடம் பண்ணினேன்.

ஊர் அடங்கிய பிறகு ஒருநாள் பஸ்ஸில் பக்கத்து இருக்கைப் பெரியவர் என் தாலிச் சரட்டைப் பார்த்துவிட்டு, "தமிளா?" என்றார். பாடம் பண்ணியதை ஒரே மூச்சில் ஒப்பித்தேன். "நனகெ தமிழ் பரல்ல."

தமிளு இல்லை. தமிழ். நாக்கை மடித்து, மேலண்ணத்தை வருடி, எங்கள் தமிழ் ஐயா பள்ளிக்கூடத்தில் பிரம்போடு நின்று சொல்லிக்கொடுத்த அதே ழ.

பெரியவர் சிரித்துவிட்டார். "தமிழ் வராதவங்க யாரும் இவ்வளவு சுத்தமா அதைச் சொல்ல மாட்டாங்கம்மா" என்றார் கன்னடத்தில். நல்ல மனிதர். இல்லையென்றால் என்ன ஆகியிருக்கும் என்று நான் யோசிப்பதில்லை. வெட்கம் மட்டும் இருக்கிறது. மாட்டிக்கொண்டதற்கு இல்லை, சொன்னதற்கு.

2

நான் பார்க்கும் வேலையை ஊரில் யாருக்கும் விளங்கவைக்க முடிந்ததில்லை. "கம்ப்யூட்டர்ல வேலை" என்று சொல்லி முடித்துக்கொள்வேன். இந்தத் தடவை சொல்லிப் பார்க்கிறேன்.

வெளிதேசங்களில் பெரும் பணம் வைத்திருக்கும் நிதி நிறுவனங்கள் உண்டு. யாரோ முதியவர்களின் பென்ஷன், யாரோ கட்டிய இன்ஷூரன்ஸ். அதை எந்த நாட்டுப் பங்குச் சந்தையில் போடுவது என்று முடிவு செய்ய அவர்கள் ஒரு வகைப்பாட்டைப் பார்ப்பார்கள். அதில் நாடுகள் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் மாதிரி வகுப்பு வகுப்பாக உட்கார்ந்திருக்கும். முதல் வரிசை, வளர்ந்த சந்தை. அடுத்து, வளரும் சந்தை. பின் பெஞ்சில், எல்லைப்புறச் சந்தை. வரிசை மாறினால் பணம் எழுந்து மாறி உட்காரும். அதை வெளியிடுவது வேறொரு தேசத்துக் கம்பெனி. அதற்கு வேண்டிய தகவல்களை இடிப்பது, சலிப்பது, புடைப்பதெல்லாம் தொம்மலூரில் எங்கள் அலுவலகம். முன்பக்கம் கண்ணாடி. பின்பக்க ஜன்னலைத் திறந்தால் பழைய தொம்மலூர், எருமை, மசாலா அரைக்கும் சத்தம்.

எப்படி வகுப்புப் பிரிப்பார்கள்? மூன்று பரீட்சை. நாடு வசதியானதா. அங்கே வாங்கி விற்கும் அளவுக்குப் பெரிய கம்பெனிகள் உண்டா, பங்குகள் தினமும் கைமாறுகின்றனவா. மூன்றாவது பரீட்சை என் மேசை. வெளியாள் உள்ளே வருவது எவ்வளவு சுலபம், வெளியே போவது எவ்வளவு சுலபம். வெளிநாட்டுக்காரர் ஒரு கணக்குத் திறக்க எத்தனை அலைச்சல்? ஒரு கம்பெனியில் எவ்வளவு பங்கு வாங்க விடுவார்கள்? உள்ளூர்ப் பணத்தைத் தங்குதடையில்லாமல் டாலராக்கலாமா? நாளைக்கே கிளம்புகிறேன் என்றால் விடுவார்களா? ஒவ்வொரு கேள்விக்கும் இரட்டைப் பிளஸ், ஒற்றைப் பிளஸ், இல்லையென்றால் மைனஸ். பக்கத்தில் குறிப்பு எழுத ஒரு சின்னக் கட்டம்.

குழாயில் தண்ணீர் வருகிறதா என்று கேள்வி இல்லை. பெண்பிள்ளை இருட்டினபின் நடந்து வீடு சேர முடிகிறதா, இல்லை. இது நாட்டுக்கு மார்க் இல்லை, சந்தைக்கு மார்க். விருந்தாளி வந்து போடும் மார்க். சாப்பாடு எப்படி, வீட்டில் குழந்தை ஏன் அழுகிறது என்றெல்லாம் பார்க்க மாட்டார். தன் செருப்பு வாசலுக்கு எவ்வளவு பக்கத்தில் கிடக்கிறது, எழுந்தால் எத்தனை சீக்கிரம் மாட்டிக்கொண்டு போகலாம், அதைப் பார்ப்பார். அதில் அவர் பக்கமும் நியாயம் உண்டு, ஊரான் பணம் அவர் கையில். ஆனால் செய்தித்தாள் அதை 'வளர்ந்த நாடு' என்று போடும். நாட்டையும் சந்தையையும் ஒரே சொல்லில் சுருட்டிவிடும். உடனே நாமும் தலையைத் தொங்கப் போட்டுக்கொள்வோம், நாம் இன்னும் வளரவில்லையாம் என்று.

நான் தொங்கப் போடமாட்டேன். சந்தைக்குக் கன்னடத்தில் மாருகட்டெ. வந்த புதிதில் பஸ் நடத்துனர் அந்தச் சொல்லைக் கூவியபோது விளக்குமாற்றுக்கட்டையைத்தான் சொல்கிறார், யாரையோ அடிக்கப் போகிறார் என்று ஒதுங்கி நின்றவள் நான். 'வளர்ந்த மாருகட்டெ' என்று யாராவது பெருமையாகச் சொன்னால் இன்றைக்கும் எனக்கு உயரமான ஒரு துடைப்பம்தான் கண்ணில் வருகிறது.

3

இந்த வருஷம் என் மேசைக்கு ஒரு கிழக்கு நாடு வந்தது. பெயர் எழுத மாட்டேன், வேலை விஷயம். கப்பல் கட்டுகிறார்கள். உங்கள் வீட்டு ஃபிரிட்ஜ் அவர்களுடையதாக இருக்கலாம். வசதியா என்ற பரீட்சையில் பாஸ். பெரிய கம்பெனிகளா, கொட்டிக் கிடக்கின்றன. மூன்றாவதில்தான் முதல் வரிசைக்குப் போகவிடாமல் காலை வாரும் கேள்விகள். அதில் ஒன்று: கம்பெனித் தகவல்கள் ஆங்கிலத்தில் கிடைக்கின்றனவா?

கிடைக்கவில்லை. பாதிக்கு மேல் அவர்கள் மொழியில்தான். வட்டமும் கோடுமாக அந்த எழுத்தைத் திரையில் பெரிதாக்கிப் பார்த்துக்கொண்டேயிருந்தேன். லாபம், நஷ்டம், கடன், தேய்மானம், எல்லாவற்றுக்கும் அவர்களிடம் சொந்தச் சொல் இருக்கிறது போலிருக்கிறது. யாருக்கும் பயப்படாமல் எழுதி வைத்திருக்கிறார்கள்.

அன்று காலை அலுவலகத்தில் ராஜ்யோத்சவ விழா, கர்நாடகம் பிறந்த நாள். மஞ்சளும் சிவப்புமாகக் கொடி, தோளில் அதே நிறத்தில் சால்வை, வாழையிலையில் ஒப்பட்டு என்கிற போளி. எங்கள் டீம் லீடர் பிரகாஷ் பேசினார். மல்லேஸ்வரத்துக்காரர், என்னைவிடச் சின்னவர், கன்னடத்தின் மேல் உயிர். "நம்ம மொழியில கணக்கு எழுத முடியாதா? ஆபீஸ் நடத்த முடியாதா? யாருக்காக வெட்கப்படணும்?" என்று கேட்டார். நான் கை வலிக்கத் தட்டினேன். நடிப்பில்லை, நிஜமாகவே.

மத்தியானம் அவரே என் மேசைக்கு வந்தார். சால்வையை இன்னும் கழற்றவில்லை. என்னோடு கன்னடமும் ஆங்கிலமும் கலந்து பேசுவார். தமிழில் தருகிறேன்.

"ஏன்ரீ செல்வி, மொழிக் கேள்விக்கு இன்னும் ஒண்ணும் போடலையே? மைனஸ் போட்டு அனுப்புங்க."

"அவங்க மொழியில எழுதினதுக்கா சார் மைனஸ்?"

"ஆங்கிலத்துல கிடைக்குதாங்கிறது கேள்வி. இல்லைங்கிறது பதில். இதுல என்ன?"

"காலையில நீங்க சொன்னபடி நாளைக்கே எல்லாக் கம்பெனியும் கன்னடத்துல கணக்கு எழுதினா நமக்கு என்ன போடுவாங்க?"

சால்வையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். "அது வேற, இது வேற."

"எப்படி வேற?"

"அது பேச்சு, இது வேலை" என்றார். சொன்னபின் அவருக்கே கேட்டிருக்க வேண்டும். குரலைத் தணித்துக்கொண்டார். "இங்க பாருங்க. உங்க கன்ஃபர்மேஷன் ஃபைல் இந்த ரிவ்யூவோட போகுது. வம்பு வேண்டாம்."

கன்ஃபர்மேஷன் என்றால் என்னவென்றும் சொல்லிவிடுகிறேன். நான் ஒப்பந்த ஆள். நிரந்தரமானால் வீட்டில் எல்லாருக்கும் மருத்துவ அட்டை. என் கணவர் சேகர் வேலை பார்த்த தொழிற்சாலையில் விருப்ப ஓய்வு கொடுத்து அனுப்பிவிட்டார்கள், அதோடு கம்பெனி வைத்தியமும் போனது. அவருக்குச் சர்க்கரை. காலில் ஒரு புண் ஆறாமல் இருக்கிறது. அந்த அட்டை எங்களுக்கு வேண்டும்.

4

இரவுச் சாப்பாட்டில் இதைச் சொன்னேன். சேகர் சப்பாத்தியைப் பிய்த்தபடி, "மொதல்ல அட்டை வரட்டும் செல்வி, அப்புறம் புரட்சி பண்ணு" என்றார்.

என் மகள் நித்யா எட்டாவது படிக்கிறாள். பள்ளியில் ஆங்கிலம், கன்னடம், இந்தி. தமிழ் வாயில் உண்டு, கண்ணில் இல்லை. பேசுவாள், படிக்க வராது. பேரண்ட்ஸ் மீட்டிங்குக்கு முந்தின நாள் எனக்குப் பாடம் எடுப்பாள். "கன்னடம்னா கன்னடம் பேசு, இங்கிலீஷ்னா இங்கிலீஷ் பேசு. ரெண்டையும் தமிழ் மாதிரிப் பேசாதே, ப்ளீஸ்."

அன்றைக்கு என் கவிதை வந்திருந்த தமிழ்ப் பத்திரிகை மேசைமேல் கிடந்தது. அதைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு கேட்டாள். "உன் ஆபீஸ் கேள்விதானே? சரியான கேள்வி. நீ எழுதறதுகூட இங்கிலீஷ்ல கிடைக்கல. நான் எப்படிப் படிக்கிறது? உனக்கும் மைனஸ்."

சேகர் சிரித்தார். எனக்குச் சுருக்கென்றது. பல வருஷமாகக் கேட்காமல் வைத்திருந்த கேள்வி அது. இவளுக்கு ஏன் சொல்லிக்கொடுக்கவில்லை? வேலை, பஸ், அலுப்பு. எல்லாம் உண்மை. அதற்கடியில் அந்தப் பஸ் இருக்கை. இவளாவது மாட்டிக்கொள்ள வேண்டாமே என்று எனக்குள் ஒருத்தி நினைத்திருக்கிறாள். இதையெல்லாம் அவளிடம் சொல்லவில்லை. கோபம்தான் முந்திக்கொண்டு வந்தது.

"படிக்கத் தெரியாதது உனக்கு. மைனஸ் எனக்கா? உனக்குத்தான்டி மைனஸ்!"

சொல்லிவிட்டுக் கரண்டியோடு அப்படியே நின்றுவிட்டேன். நித்யா என் முகத்தைப் பார்த்தாள். கெட்டிக்காரி. "ஆகா! அப்படின்னா இதையே ஆபீஸ்ல எழுது பாக்கலாம்" என்றாள்.

"அவளை ஏத்தி விடாதே" என்றார் சேகர்.

5

மறுநாள் மைனஸ் போட்டேன். விதி விதிதான், ஆங்கிலத்தில் இல்லை, பொய் எழுத மாட்டேன். ஆனால் பக்கத்துக் கட்டத்தில் ஒரு குறிப்பு வேண்டும். வழக்கமாக எல்லாரும் எழுதுவது, 'தகவல்கள் உள்ளூர் மொழியில் மட்டுமே உள்ளன, குறைபாடு.' நான் ஆங்கிலத்தில் எழுதியதன் தமிழ் இது:

'தகவல்கள் முழுமையாக உள்ளன. முதலீட்டாளருக்கு அந்த மொழி தெரியாது.'

அவ்வளவுதான். ஒரு எண்ணையும் மாற்றவில்லை, ஒரு குறியையும் தொடவில்லை. தெரியாமை யார் வீட்டில் இருக்கிறதோ அந்த வீட்டு வாசலில் கொண்டுபோய் வைத்தேன். எத்தனையோ கவிதை எழுதியிருக்கிறேன். எழுதி முடித்ததும் காது சூடானது இதற்குத்தான்.

பிரகாஷ் படித்தார். வாய்விட்டுச் சிரித்தார். பிறகு கதவைப் பார்த்தார். "எடுத்துடுங்க."

"இதுல எது சார் தப்பு?"

"தப்புன்னு நான் சொன்னேனா? எடுங்கன்னேன்."

"நீங்க எடுங்க. என் கையால எடுக்க மாட்டேன்."

அவர் எடுக்கவில்லை. மறந்தாரா, விட்டாரா, இன்றுவரை கேட்கவில்லை. குறிப்போடு ஃபைல் கடல் தாண்டியது. சாயங்காலம் நாலு மணிக்கு அங்கிருந்து ஃபோன். கண்ணாடி அறையில் ஸ்பீக்கரைப் போட்டுக்கொண்டு நானும் பிரகாஷும் உட்கார்ந்தோம். அந்தப் பக்கத்துக் குரல் ரொம்ப மரியாதையானது, இஸ்திரி போட்ட குரல்.

"இந்த வரி யார் எழுதியது?"

பிரகாஷ் என்னைப் பார்த்தார். "நான்தான்" என்றேன்.

"படித்தால் குறை எங்களிடம் இருப்பதுபோல் தோன்றுகிறதே?"

"ஆமாம். மொழி தெரியாதவரிடம்தானே அது இருக்க முடியும்?"

பிரகாஷ் பாய்ந்து ஃபோனை ஊமையாக்கும் பொத்தானை அழுத்தினார். "சும்னிரி செல்வி! உங்களைக் கும்பிட்டுக் கேக்கறேன்!"

"அவங்க மொழிக்குப் பதிலா கன்னடம்னு வெச்சுக்கோங்க சார். அப்பவும் சும்மா இருப்பீங்களா?"

பொத்தானிலிருந்து விரலை எடுத்தார். என்னமோ சொல்ல வாயெடுத்து, வேறென்னமோ சொன்னார். "வாக்கியத்தில் பிழை இல்லை" என்றார் ஆங்கிலத்தில். அவர் குரல் அவருக்கே புதிதாக இருந்திருக்கும், கழுத்தைத் தடவிக்கொண்டார்.

"பிழை என்று நான் சொல்லவில்லை" என்றது இஸ்திரிக் குரல். "அப்படி எழுதும் வழக்கமில்லை."

வழக்கமில்லை. அவ்வளவு பெரிய மாளிகைக்கு அஸ்திவாரம் அந்த ஒரு சொல்தான் போலிருக்கிறது. வரி நீக்கப்பட்டது. மைனஸ் நின்றது. அந்த நாடு இரண்டாம் வரிசையிலேயே உட்கார்ந்திருக்கிறது, கப்பல் கட்டிக்கொண்டு.

அடுத்த வாரம் பிரகாஷ் கூப்பிட்டார். மேசையைப் பார்த்துக்கொண்டு பேசினார்.

"கன்ஃபர்மேஷன் அடுத்த ரிவ்யூவுக்குத் தள்ளிப் போயிருக்கு."

"என்ன காரணம்னு எழுதியிருக்கு?"

"ஆட்டிட்யூட்."

"யார் எழுதினது?"

"நான்தான். எழுதச் சொன்னாங்க."

வீட்டில் சேகரிடம் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன். காலை நீட்டிக் கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தார். "கவர்ன்மென்ட் ஆஸ்பத்திரியில புதுசா ஒரு டாக்டரம்மா வந்திருக்காங்களாம், நல்லா பாக்கறாங்களாம்" என்றார். அதுதான் எனக்கு வலித்தது. நித்யா அரண்டுபோய், "ஐயோ அம்மா, நான் சும்மாதானே சொன்னேன்!" என்றாள்.

"நான் சும்மா எழுதலை" என்றேன்.

பிழைக்க வந்த இடத்தில் வாயை மூடிக்கொண்டு இருக்கக் கூடாதா என்று உங்களில் சிலர் முணுமுணுப்பீர்கள். இருந்து பார்த்தேன். பதினாலு வருஷத்தில் பெரும்பகுதி அப்படித்தான் இருந்தேன். கன்னடத்தில் சிரித்தேன், ஆங்கிலத்தில் தலையாட்டினேன். வாயை மூடினால் பிழைப்பு நடக்கும், சரி. பிழைத்தது யார் என்று பிறகு தேட வேண்டியிருக்கிறது.

6

நேற்று முறைப்படி சுற்றி வந்து என் மேசைக்கு அடுத்த நாடு வந்தது. இந்தியா.

நம் ஃபைலைப் பார்க்கக் கொஞ்சம் கஷ்டமாகத்தான் இருந்தது. வெளியாள் கணக்குத் திறக்க அலைச்சலா, ஆமாம், மைனஸ். பங்கு வாங்க வரம்பா, உண்டு, மைனஸ். ரூபாயை நினைத்தபடி வெளியே கொண்டுபோக முடியாது, மைனஸ். என் அபிப்பிராயத்தில் அதில் ஒன்றிரண்டு நல்ல மைனஸ். வீட்டுக்குத் தாழ்ப்பாள் இருப்பது குற்றமில்லை. இறங்கிக்கொண்டே வந்தால் மொழிக் கேள்வி. ஆங்கிலத்தில் கிடைக்கிறதா?

கிடைக்கிறது. முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை. இரட்டைப் பிளஸ். நாம் முழு மார்க் வாங்கும் இடம்.

பிரகாஷ் பின்னால் வந்து நின்றார். அந்த ஃபோனுக்குப் பிறகு என்னிடம் அதிகம் பேசுவதில்லை, நானும்தான். "இங்கயாவது சண்டை இல்லை" என்றார் லேசாக. "ரெண்டு பிளஸ் போட்டு அனுப்பிடுங்க."

இரண்டு பிளஸ் போட்டேன். உண்மைதானே. பிறகு பக்கத்துக் கட்டத்தில், போன தடவை போலவே ஆங்கிலத்தில், அடித்தேன்: 'தகவல்கள் முழுவதும் ஆங்கிலத்தில் உள்ளன. முதலீட்டாளருக்குப் புரியும். இந்நாட்டு மக்களில் பெரும்பாலோருக்கு அவற்றைப் படிக்கத் தெரியாது.'

அவர் குனிந்து படித்தார்.

"மறுபடியும் ஃபோன் வரும்."

"வரட்டும் சார்."

"அடுத்த ரிவ்யூவும் போயிடும்."

"தெரியும்."

"பெரும்பாலோர்ங்கறதுக்கு ஆதாரம் கேப்பாங்க."

திரும்பிப் பார்த்தேன். "உங்க அம்மாவுக்கு இதையெல்லாம் படிக்க வருமா சார்?"

அவர் பக்கத்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கீபோர்டைத் தன் பக்கம் நகர்த்திக்கொண்டார். அழிக்கப் போகிறார் என்றுதான் நினைத்தேன், அழிக்கவும் செய்தார். 'இந்நாட்டு மக்களில்' என்பதை மட்டும். அந்த இடத்தில் இதை வைத்தார். 'எங்களில்.'

எங்களில் பெரும்பாலோருக்கு அவற்றைப் படிக்கத் தெரியாது.

கீழே என் பெயர் இருந்தது. அதற்குப் பக்கத்தில் தன் பெயரையும் அடித்துவிட்டு, அனுப்பும் பொத்தானை அவரே அழுத்தினார்.